கைமெஷினுக்கு வராத ஆட்டம்

அண்ணனின் தலையணைக்கு அடியில் கையை விட்டுச் சின்னவன், கையில் பிடித்துக் கேம் ஆடும் அந்தச் சின்னக் கைமெஷினை இழுத்தபோது, அதன் சார்ஜர் ஒயர் கட்டில் கம்பியில் சிக்கிக்கொண்டு வரமாட்டேன் என்றது. நர்ஸ் போர்வையைப் பிடித்தபடி காத்து நின்றாள். அண்ணனின் விரலில் இருந்த கிளிப்பைக் கழற்றியாகிவிட்டது. மூக்குக் குழாயை எடுத்தாகிவிட்டது. முகத்தை மூடுவது ஒன்றுதான் பாக்கி.

"மெதுவா எடுங்க சார். அவசரமில்ல" என்றாள்.

அந்தச் சொல் அவனைச் சுருக்கென்று குத்தியது. காலையிலிருந்து அவனும் அதையேதான் தனக்குத்தானே சொல்லிக்கொண்டு கடையில் உட்கார்ந்திருந்தான். இன்றைக்கு ஆஸ்பத்திரிக்குப் போய் அண்ணனிடம் உண்மையைச் சொல்லிவிட வேண்டும் என்று எழுந்ததுமே முடிவு செய்திருந்தான். முடிவு செய்தவன் கிளம்ப வேண்டாமா? ரிப்பேருக்கு வந்திருந்த, பட்டன் ஒட்டிக்கொண்ட ஒரு கேம் கன்ட்ரோலரை எடுத்துப் பிரித்தான். நாளைக்குக் கொடுத்தாலும் அதன் சொந்தக்காரர் ஒன்றும் சொல்லியிருக்கமாட்டார். பிறகு மேஜையைத் துடைத்தான். அதன் பிறகு, சிதறிக் கிடந்த ஸ்க்ரூக்களைப் பொறுக்கி, சிறிது பெரிது பார்த்து டப்பாக்களில் போட ஆரம்பித்தான். அண்ணியின் போன் வந்தபோது அந்த வேலையில்தான் இருந்தான்.

அண்ணி இப்போது ஜன்னல் ஓரமாக நின்று சொந்தக்காரர்களுக்குப் போன் பண்ணிக்கொண்டிருந்தாள். காலையில் நன்றாகத்தான் இருந்தார், பால்கூடக் குடித்தார், கொஞ்சம் தூங்குகிறேன் என்றார், அவ்வளவுதான் என்று ஒவ்வொருவரிடமும் ஒரே மாதிரி சொன்னாள். டாக்டர் வந்து, இதயம் ரொம்ப நாளாகவே பலவீனம், இது எப்போது வேண்டுமானாலும் நடந்திருக்கும் என்றார். யார்மீதும் தவறில்லை என்ற அர்த்தத்தில் அவர் சின்னவனின் தோளைத் தட்டியபோது, அவனுக்கு அந்தத் தோளைக் கழற்றி எறிந்துவிடலாம் போலிருந்தது.

சின்னவனுக்கு நாற்பது தாண்டிவிட்டது. முன் தலையில் முடியும் விடைபெற்றுக்கொண்டிருந்தது. ஆனாலும் குடும்பத்தில் அவன் சின்னவன்தான். கேம் மெஷின் ரிப்பேர் கடை வைத்திருப்பதால் அவன் இன்னும் விளையாடிக்கொண்டே இருக்கிறான் என்றுதான் பாதிச் சொந்தக்காரர்கள் நினைத்துக்கொண்டிருந்தார்கள். அண்ணன் டவர் கிரேன் ஓட்டுபவர். கட்டிக்கொண்டிருக்கும் கட்டடங்களுக்கெல்லாம் மேலே, ஒரு கண்ணாடிக் கூண்டில், இரண்டு கைக்கும் இரண்டு லிவர்களோடு உட்கார்ந்திருப்பவர். எத்தனை டன் இரும்பானாலும் சத்தமில்லாமல் கீழே வைப்பார் என்று பெயர்.

அந்தக் கை வேலைக்குப் போன பிறகு வந்தது அல்ல. பள்ளிக்கூட நாளிலேயே வந்தது. அண்ணன் தம்பி இருவரும் பையைக்கூட வீட்டில் வைக்காமல் ஓடிய கேம் கடையில் இரண்டு மெஷின்கள் பக்கத்துப் பக்கத்தில் நின்றன. இரண்டும் சண்டை ஆட்டம்தான், ஆனால் வேறு வேறு கம்பெனி. ஒன்றில் மொட்டைத் தலையும் உலக்கை போன்ற கைகளுமாக ஒரு கிழட்டுக் காவல்காரர் இருந்தார். அவர்தான் அண்ணனின் ஆள். மற்றதில் தலைகீழாகப் பறந்து பறந்து உதைக்கும் ஒரு சர்க்கஸ்காரி. அவள் சின்னவனின் ஆள். இரண்டு பேரும் மோதினால் யார் ஜெயிப்பார்கள் என்பதுதான் அந்த வீட்டின் தீராத வழக்கு. சாப்பிடும்போது நடக்கும், படுத்த பிறகும் நடக்கும். தீர்க்க வழியில்லை. காவல்காரர் அந்த மெஷினை விட்டு இந்த மெஷினுக்கு வர முடியாதே.

அண்ணனுக்கு அந்தக் கடையில் தாழ்ப்பாள் என்று பட்டப்பெயர். எதிராளியின் அடி மேலே பட ஒரு மயிரிழை இருக்கும்போது பட்டனைத் தட்டினால், அடி நிற்பது மட்டுமல்ல, அடித்தவனே போய் விழுவான். கொஞ்சம் முந்தினால் வெறும் தடுப்பு. கொஞ்சம் பிந்தினால் அடி வாங்க வேண்டியதுதான். மற்றவர்களுக்கு எப்போதாவது குருட்டாம்போக்கில் வாய்க்கும் அந்த விஷயத்தை அண்ணன் பேசிக்கொண்டே செய்வார்.

இத்தனை வருஷம் கழித்து அந்த இரண்டு கம்பெனிகளும் கைகோத்து, இரண்டு ஆட்டத்து ஆட்களையும் ஒரே மேடையில் ஏற்றிய ஒரு ஆட்டத்தைக் கொண்டுவந்தன. டிவியில் மாட்டும் பெரிய மெஷினுக்கு முதலில் வந்தது. கைமெஷினுக்கும் வரும் என்று விளம்பரத்தில் போட்டிருந்தது. அண்ணனின் இதயம் தகராறு செய்ய ஆரம்பித்ததும் அப்போதுதான். ஆஸ்பத்திரியில் போய்ப் படுக்கமாட்டேன் என்று அவர் ஒற்றைக் காலில் நின்றார். சின்னவன்தான் அவரை மடக்கினான். நீ போய்ப் படு, அந்த ஆட்டம் கைமெஷினுக்கு வரப்போகிறது, படுத்த இடத்திலேயே நம் வழக்கைத் தீர்த்துக்கொள்ளலாம் என்றான். அண்ணன் சிரித்தார். சிரித்துவிட்டுச் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார்.

கைமெஷினுக்கு அந்த ஆட்டம் வராது என்பது கடைக்காரனான அவனுக்குச் சீக்கிரமே தெரிந்துவிட்டது. கம்பெனி சத்தம் காட்டாமல் கைவிட்டிருந்தது. சின்ன மெஷின் தாங்காது என்று ஒரு பேச்சு, இரண்டு கம்பெனிகளுக்குள் ஒத்துவரவில்லை என்று ஒரு பேச்சு. எதுவானாலும் சரி, கட்டிலில் கிடப்பவரிடம் போய் அதை எப்படிச் சொல்வது? அடுத்த மாதம் என்றான். அதற்கடுத்த மாதமும் அடுத்த மாதம் என்றான். அண்ணன் நர்ஸ்களிடமெல்லாம் அதைப் பற்றிச் சொல்லி வைத்திருந்தார். நாளாக நாளாக அவர் உடம்பு போர்வைக்கடியில் சிறுத்துக்கொண்டே வந்தது. ஒரு நாள் அதைப் பார்க்கச் சகிக்காமல் சின்னவன் சொல்லிவிட்டான், வந்துவிட்டது என்று.

வராத ஆட்டத்தை வரவழைக்க அவனுக்கு ஒரு வழி தெரியும். ஆட்டம் ஓடுவது கடை மேஜைக்கு அடியில் இருக்கும் டிவி மெஷினில். படம் மட்டும் இன்டர்நெட் வழியாக ஆஸ்பத்திரிக்குப் போகும். அண்ணன் அங்கே பட்டனைத் தட்டினால், அந்தத் தட்டு அதே வழியாகக் கடைக்குத் திரும்பி வரும். கைமெஷினைத் திறந்ததும் நேராக ஆட்டமே தெரிகிற மாதிரி செய்து, வைஃபையை மட்டும் எப்போதும் அணைக்காதே என்று சொல்லிக் கொடுத்தான். கொடுக்குமுன் கடையில் இரண்டையும் பக்கத்தில் வைத்துச் சோதித்தும் பார்த்தான். பிரமாதமாக ஓடியது. மேஜையில் ஓடினால் வீட்டிலும் ஓடும் என்று நம்பிப் பொருளைத் திருப்பிக் கொடுப்பது ரிப்பேர்காரர்கள் எல்லோரும் செய்கிற தவறு. அவன் அதைத் தன் அண்ணனிடம் செய்தான்.

முதல் நாள் போனை ஸ்பீக்கரில் போட்டுக்கொண்டு ஆடினார்கள். அண்ணன் ஆஸ்பத்திரியில், இவன் கடையில் டிவிக்கு முன்னால். சர்க்கஸ்காரி பறந்து உதைத்தாள். காவல்காரர் கையைத் தூக்கினார், ஆனால் உதை விழுந்த பிறகு தூக்கினார். மறுபடி உதைத்தாள், மறுபடியும் அதேதான். சின்னவன் ஜெயித்தான். இத்தனை வருஷமா வாய் கிழியப் பேசினியே என்று கத்தினான். அடுத்த ஆட்டமும் ஜெயித்தான், அதற்கடுத்ததும். சந்தோஷத்தில் அவனுக்குத் தலைகால் புரியவில்லை. ஒரு தடவைகூட, தாழ்ப்பாள் ஏன் இப்படிப் பிந்துகிறார் என்று நினைத்துப் பார்க்கவில்லை. கைமெஷினுக்கு ஆட்டம் வந்துவிட்டது என்று சொன்ன பொய்யை அவனே நம்பியிருந்தான்.

படுக்கையில் விழுந்த பிறகுதான் உறைத்தது. படம் போகும் வழியிலும் தட்டு வரும் வழியிலும் கண் இமைக்கும் நேரம் வீணாகிறது. கார் ஓட்டும் ஆட்டத்தில் அது யாருக்கும் தெரியாது. அண்ணன் ஆடுகிற ஆட்டத்தில் அந்த நேரம்தான் எல்லாமே. அவர் மயிரிழையில் தட்டினார், கடைக்கு அது பிந்தி வந்து சேர்ந்தது.

மறுநாள் சாயங்காலம் அண்ணனே போன் பண்ணினார். பகலெல்லாம் தனியாகப் பயிற்சி ஆட்டத்தில் இருந்ததாகச் சொன்னார். மெஷினே அடிக்கிற ஒரே அடியைத் திரும்பத் திரும்பத் தடுத்துப் பார்த்தாராம். ஒன்றுகூட விழவில்லையாம்.

"ஏண்டா, லைன்ல ஏதாவது பிரச்சனையா?"

ஆமாம் என்று சொல்லியிருக்கலாம். சொன்னால், தனியாக ஆடுவதற்கு லைன் எதற்கு என்று அண்ணன் வைஃபையை அணைப்பார். அணைத்த நிமிஷமே ஆட்டம் மெஷினை விட்டு மாயமாகிவிடும். இத்தனை மாதப் புளுகும் கட்டிலில் கொட்டிக் கிடக்கும்.

"லைன் நல்லாத்தான் இருக்குண்ணே" என்றான் சின்னவன்.

பிறகு அண்ணன், சரி ஆடுவோமா என்றார். அன்றைக்குச் சின்னவன் தோற்க முயன்றான். உதைக்க வேண்டிய இடத்தில் உதைக்காமல் நின்றான், வேண்டுமென்றே எட்டப் போய் விழுந்தான். நடுவிலேயே காவல்காரர் அசையாமல் நின்றுவிட்டார்.

"விட்டுக்கொடுக்காதடா. எனக்குத் தெரியாதா?" அண்ணனின் குரலில் கோபமே இல்லை. "கை போயிடுச்சு. அவ்வளவுதான். நீ போய் வேலையைப் பாரு."

அதன்பின் அவர் ஆட்டத்துக்குக் கூப்பிடவில்லை. சின்னவன் போய்ப் பார்த்தபோதெல்லாம் வேறு எதையாவது பேசினார், இல்லையென்றால் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். அவனும் இன்றைக்குச் சொல்லலாம் என்று வருவான், ஆரஞ்சை உரித்துக் கொடுத்துவிட்டுத் திரும்பிப் போவான்.

உடம்பை வீட்டுக்குக் கொண்டுவந்து கூடத்தில் கிடத்தினார்கள். பிளாஸ்டிக் நாற்காலிகள் வந்தன, பேப்பர் கப்பில் டீ வந்தது. கிரேன் கம்பெனி ஆட்கள் ஹெல்மெட்டை அக்குளில் இடுக்கிக்கொண்டு வந்து நின்றார்கள். சூப்பர்வைசர் பருத்த ஆள். உட்கார்ந்ததும் நாற்காலி முனகியது. அவர் சின்னவனைப் பக்கத்தில் கூப்பிட்டு உட்கார வைத்து, அண்ணனின் கூண்டை இதுவரை யாருக்கும் நிரந்தரமாகக் கொடுக்கவில்லை, திரும்பி வந்துவிடுவார் என்றுதான் தற்காலிக ஆளைப் போட்டு ஓட்டிக்கொண்டிருந்தோம் என்றார். பிறகு கர்சீப்பால் முகத்தைத் துடைத்தார்.

"போன வாரம் அவரே போன் பண்ணினாரு தம்பி. கூண்டை வேற ஆளுக்குக் குடுத்துடுங்கன்னாரு. என் கை போயிடுச்சு, இந்தக் கையை வெச்சுக்கிட்டு ஆளுங்க தலைக்கு மேல பாரத்தைத் தூக்கக் கூடாதுன்னாரு. அந்த மனுஷன் வாயில அந்த வார்த்தையைக் கேட்டதும் எனக்குச் சோறு இறங்கல."

பின்னால் நின்ற ஆட்களில் ஒருவர், பாவம், நோய் கையைத்தான் முதலில் பிடிக்கும் என்றார். அது சரிதான் என்று எல்லோரும் தலையாட்டினார்கள். சின்னவன் கையிலிருந்த டீயைக் குடிக்கவும் முடியாமல் கீழே வைக்கவும் தோன்றாமல் உட்கார்ந்திருந்தான். கூடத்தின் நடுவில் அண்ணனின் கைகள் மார்மேல் இருந்தன. அவற்றைப் பார்க்க அவனுக்குத் தைரியம் வரவில்லை.

உள் அறையில் அண்ணி அலமாரிக்கு முன்னால் தரையில் உட்கார்ந்து, அண்ணனுக்குப் போட்டுவிட வேண்டிய சட்டையைத் தேடிக்கொண்டிருந்தாள். இவனைக் கண்டதும் நகர்ந்து இடம் விட்டாள். கடைசி நாட்களில் அவர் கையை மடக்கி மடக்கிப் பார்த்துக்கொண்டே இருந்தார் என்றாள். பாட்டில் மூடியைத் திறக்கக்கூட அவளிடம் நீட்டினாராம். திறக்க முடியாமல் இல்லை, அந்தக் கையின்மேல் அவருக்கு நம்பிக்கை போய்விட்டது என்றாள்.

சின்னவன் அவள் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தான்.

"அண்ணி, அண்ணன் கை நல்லாத்தான் இருந்துச்சு. ஒண்ணும் ஆகல."

அண்ணி ஒரு நீலச் சட்டையை உதறி மடியில் விரித்தாள். "இன்னைக்கு எல்லாரும் நல்ல வார்த்தைதான் சொல்லுவாங்க, தம்பி. நீயும் சொல்லு."

"ஆறுதலுக்குச் சொல்லல அண்ணி."

அவள் நிமிர்ந்து பார்த்தாள். அதற்குள் கூடத்திலிருந்து யாரோ அவளைக் கூப்பிட்டார்கள். அவள் சட்டையை எடுத்துக்கொண்டு எழுந்து போனாள். அவன் அந்தத் திறந்த அலமாரிக்கு முன்னால் வெகுநேரம் உட்கார்ந்திருந்தான். கடைசியில் உண்மையைச் சொன்னால் அதுவும் பொய் மாதிரியே இருக்கிறதே என்று அழுகையாக வந்தது.

எல்லாம் முடிந்து அவன் கடையைத் திறந்தபோது மேஜைக்கு அடியில் டிவி மெஷின் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. யாருக்காக என்று நினைத்து அதை அணைக்கக் குனிந்தவன், அணைக்காமல் டிவியைப் போட்டான். ஆடிய ஆட்டங்களை அந்த மெஷின் தானாகவே சேமித்து வைக்கும். அவன் ஜெயித்த ஆட்டங்களெல்லாம் அடியில் இருந்தன. அவற்றுக்குமேல், அவனுக்குத் தெரியாமல், ஒரு கூட்டம் ஆட்டங்கள் இருந்தன. எல்லாம் பயிற்சி ஆட்டங்கள். சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்த மனிதர் சும்மா படுத்திருக்கவில்லை.

பயிற்சி ஆட்டத்தில், தட்டிய பட்டன் எப்போது வந்தது என்று படத்துக்குக் கீழேயே காட்டும். சின்னவன் ஒன்றை எடுத்து மெதுவாக ஓட விட்டான். அடி விழுகிறது, அப்புறம் பட்டன் வருகிறது. அடுத்த அடி, அப்புறம் பட்டன். கை நடுங்குகிறவர் ஒரு தடவை முந்துவார், ஒரு தடவை பிந்துவார். இது அப்படி இல்லை. எல்லாம் ஒரே அளவு பிந்தல். ஸ்கேல் வைத்துக் கோடு போட்ட மாதிரி. லைன் தின்ற நேரத்தைக் கழித்துவிட்டால் ஒவ்வொரு தட்டும் மயிரிழையில் போய் உட்கார்ந்தது. அண்ணனின் கை பிசகவே இல்லை. நோயிலும் பிசகவில்லை, களைப்பிலும் பிசகவில்லை.

கடைசி ஆட்டம் அவர் போன அன்றைக்குக் காலையில் ஆடியது. சின்னவன் மேஜையில் ஸ்க்ரூக்களைப் பொறுக்கிக்கொண்டிருந்த காலை. அப்போது டிவி அணைந்திருந்தது. அவன் முழங்காலுக்குப் பக்கத்தில், மெஷினுக்குள், அண்ணன் தட்டிக்கொண்டிருந்திருக்கிறார்.

அவன் கடை ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு அழுதான்.

ஒரு வாரம் கழித்து அண்ணி கடைக்கு வந்தாள். அந்தக் கடைக்குள் அவள் அதுவரை வந்ததில்லை. ஆஸ்பத்திரிச் சாமான்களோடு வீட்டுக்கு வந்திருந்த கைமெஷினைக் கைப்பையிலிருந்து எடுத்து மேஜையில் வைத்தாள், சுற்றிய ஒயரோடு. உட்காரச் சொன்னதற்கு வேண்டாம் என்றவள், பிறகு ஸ்டூலை இழுத்து உட்கார்ந்துகொண்டாள்.

"அன்னைக்கு ஆறுதலுக்குச் சொல்லலன்னியே. பின்ன எதுக்குச் சொன்னே?"

சின்னவன் சொல்லத் தொடங்கினான். ஆட்டம் கைமெஷினுக்கு வரவே இல்லை என்பதில் ஆரம்பித்தான். அடுத்த மாதம் அடுத்த மாதம் என்று சொன்னதை, கடையிலிருந்து படத்தை அனுப்பியதை, ஜெயித்துவிட்டுக் கத்தியதை, லைன் நல்லாத்தான் இருக்கு என்று சொன்னதைச் சொன்னான். எதையும் விடவில்லை. அவளுக்குப் புரியாத இடங்களில் அவள் நிறுத்திக் கேட்டாள், அவன் திருப்பிச் சொன்னான். டிவியைப் போட்டு அந்தக் காலை ஆட்டத்தையும் காட்டினான். மொட்டைத் தலைக் காவல்காரர் அடி வாங்கினார், கையைத் தூக்கினார். மறுபடி வாங்கினார், தூக்கினார். கீழே வரும் பட்டன் அடையாளத்தை அவன் விரலால் தொட்டுத் தொட்டுக் காட்டினான். அண்ணி கண்ணெடுக்காமல் பார்த்தாள்.

"எல்லாம் ஒரே மாதிரிதான் இருக்கு" என்றாள்.

"ஆமா அண்ணி. கை அப்படி."

"இது தெரியாமலே அவரு போயிட்டாரு."

அவள் திட்டுவாள் என்று எதிர்பார்த்தான். திட்டினால் நன்றாயிருக்கும் என்றுகூட இருந்தது. ஒரு பேச்சு முழுசாக வாங்கிக்கொண்டு, தலையைக் குனிந்து, மன்னித்துவிடுங்கள் என்று சொல்லியிருக்கலாம். அவள் அதற்கு இடமே கொடுக்கவில்லை. வெளியே ஒரு பஸ் நின்று புறப்பட்டது. அண்ணி முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு, பையிலிருந்து போனை எடுத்து, கண்ணுக்குக் கிட்டே பிடித்து ஒரு நம்பரைத் தேடி அழுத்தினாள்.

"சார், நான்தான். கிரேன் ஆபரேட்டர் வீட்டுல இருந்து பேசறேன்" என்றாள். நலம் விசாரித்ததற்கு ம் ம் என்றாள். பிறகு நிமிர்ந்து உட்கார்ந்தாள். "அவர் கை போகல சார். கடைசி வரைக்கும் நல்லா இருந்துச்சு. காலையில கூட நல்லா இருந்துச்சு. உங்க ஆளுங்ககிட்ட எல்லாம் சொல்லணும்."

அந்தப் பக்கம் என்னவோ தணிந்த குரலில் சொன்னார்கள். ஆறுதல் வார்த்தையாகத்தான் இருக்கும். அண்ணி பொறுமையாகக் கேட்டுக்கொண்டாள். கேட்டு முடித்ததும் போனைக் காதிலிருந்து எடுத்து, மேஜைக்கு மேலாகச் சின்னவனிடம் நீட்டினாள்.

"எப்படித் தெரியும்னு கேக்கறாரு. நீ சொல்லு."

போனுக்குள் வேலை நடக்கிற இடத்தின் இரைச்சல் கேட்டது. பாரம் மேலே ஏறப்போகிறது, விலகிக்கொள்ளுங்கள் என்று மணி அடித்துக்கொண்டிருந்தார்கள். அதற்கு மேலே சூப்பர்வைசரின் குரல், "தம்பியா? சொல்லுங்க தம்பி" என்றது. சின்னவன் உள்ளங்கையைப் பேண்ட்டில் துடைத்துக்கொண்டு போனை வாங்கினான்.